பச்சைப் புட்டியும் இத்தாலிய மீன் குழம்பும்

கதிரவா,

உன் மடல் இரண்டு வாரங்களுக்கு முன் ஒரு வியாழனன்று வந்தது. உறையின் மடிப்பை யாரேனும் பிரித்துப் படித்துவிட்டு மீண்டும் ஒட்டியிருக்கிறார்களா என்று வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்த பிறகே திறந்தேன். அகவை அறுபத்தேழு ஆகியும் அந்தப் பழக்கம் என்னை விடவில்லை. உள்ளே நல்ல செய்தி இருந்தது. ஆறு ஆண்டுத் துபாய் உழைப்பை முடித்துக்கொண்டு தை பிறந்ததும் பெங்களூருக்கே திரும்பி, நம் காக்சு டவுனிலேயே ஓர் இத்தாலிய உணவகம் திறக்கப் போகிறாய். உன் அம்மா அதைக் கையில் வைத்துக்கொண்டே பக்கத்து வீடு வரை போய்வந்தாள். நானும் மகிழ்ந்தேன், இரண்டாம் பக்கத்தைத் திருப்பும் வரை.

இரண்டாம் பக்கத்தில் எனக்குச் சில பணிகள் இட்டிருக்கிறாய். சமையலுக்கு வர விரும்புகிறவர்களைப் பற்றி அவர்கள் அறியாமல் கேட்டறிய வேண்டும். குடிக்கிறவர்களா என்று பார்க்க வேண்டும். பண்டக அறைக்கு இரட்டைப் பூட்டுச் செய்யச் சொல்ல வேண்டும். சாவி உன் இடுப்பை விட்டு இறங்காது. அதன் கீழே நீ எழுதியிருந்ததை அப்படியே பெயர்த்து எழுதுகிறேன். "தங்கவயல் ஆளுங்க மட்டும் வேணாம்பா. ஒரு தடவை பட்டது போதும். யாரையும் நம்பக்கூடாதுன்னு நீங்க சொல்லிக்குடுத்ததுதான் இன்னிக்கு வரைக்கும் என்னைக் காப்பாத்துது."

வேறு தந்தையர் இதைப் படித்துப் பூரித்திருக்கக் கூடும். நான் மடலை மடித்து உறைக்குள்ளேயே வைத்துவிட்டேன். ஒரு தடவை பட்டது என்று நீ சொல்வது எந்த நாள் என்று எனக்குத் தெரியும். ஆனால் அந்த நாளில் உனக்குத் தெரிந்தது பாதி. மறுபாதி ஏழு ஆண்டுகளாக என்னிடம் கிடக்கிறது. ஓர் ஊரையே உன் வாசலுக்கு வெளியே நிறுத்தும் அளவுக்கு அந்தப் பாதி வளர்ந்துவிட்டது என்று கண்ட பின் அதை இனியும் நான் வைத்திருக்க முடியாது. இதை நின்றுகொண்டு படிக்காதே. உட்கார்ந்து படி.

முதலில் உன்னிடம் நான் எதை ஏற்றிவைத்தேன் என்று சொல்லிவிடுகிறேன். தொண்ணூற்றொன்றின் இறுதியில் காவிரி நீரை ஒட்டி இந்நகரம் கொதித்தபோது உனக்குப் பதினான்கு அகவை. நம் வாசலில் தமிழில் தொங்கிய பெயர்ப்பலகையை நானே முக்காலி மீதேறிக் கழற்றினேன். முக்காலியைப் பிடித்துக்கொண்டவன் நீ. பள்ளியில் யார் கேட்டாலும் தெருப்பெயர் சொல்லாதே என்றேன். எதிர்வீட்டுக் கன்னடக் குடும்பம் நம்மைக் காட்டிக்கொடுக்கும் என்று அத்தனை உறுதியாக உன்னிடம் சொன்னேன். அந்த வீட்டு அம்மா மூன்று நாள் நமக்குப் பால் கொண்டுவந்து கொடுத்தார். பாலை உன் அம்மா வாங்கினாள். அவர் எதற்காகக் கொடுக்கிறார் என்று நான் ஆராய்ந்துகொண்டிருந்தேன். நகரம் ஆறியது. பலகை மீண்டும் ஏறியது. என் ஐயம் மட்டும் ஆறவில்லை. நான் பேசும் கூட்டங்களில் மூன்றாம் வரிசையில் அமர்ந்து குறிப்பெடுக்கிறவன் யார், என்னைப் பார்த்ததும் பேச்சை நிறுத்துகிறவர்கள் யார் என்று கணக்கெடுப்பதே என் வாழ்க்கையாயிற்று. அதை விழிப்பு என்று மேடையில் பெயரிட்டேன். வீட்டில் உனக்கும் அதையே ஊட்டினேன்.

இனி அந்த ஞாயிற்றுக்கிழமை. நீ அப்போது சமையல் வேலை பார்த்த விடுதியிலிருந்து இளஞ்சமையலர் ஒருவரை ஆறு திங்கள் இத்தாலிக்கு அனுப்பப் போகிறார்கள் என்றும், தேர்ந்தெடுப்பவர் உங்கள் தலைமைச் சமையலர் என்றும் நீ சொன்னாய். விடுதி அடுக்களையில் எவனும் நன்றாகச் சமைப்பான், வீட்டு அடுப்பில் செய்து காட்டு என்பது அவருடைய முறை. நீ தேர்ந்தெடுத்தது இத்தாலிக் கடற்கரை மீனவர்கள் வைக்கும் கடலுணவுக் குழம்பு. புரோதெத்தோ என்றாய். என் நாக்கு அதற்கு இணங்கவில்லை. இத்தாலிய மீன் குழம்பு என்றே நான் வழங்கினேன்.

உனக்கு அது ஒரு தேர்வு. எனக்கோ அந்த வாரம் முழுவதும் வீட்டுக்குள் ஏதோ சூழ்ச்சி நடப்பதாகவே தோன்றியது. செவ்வாயன்று உன் பையில் ஒரு சிறு தகரக் குடுவையைக் கண்டேன். மருந்துக் கடையில் கைக்குழந்தைக்குத் தேய்க்க விற்கும் ஒலிவ எண்ணெய். அந்த மாலை உன் அம்மாவை நிறுத்தி, "குழந்தைக்குத் தேய்க்கும் எண்ணெய் இவனுக்கு எதற்கு?" என்று கேட்டேன்.

"சமைக்கறதுக்காம்."

"மருந்துக் கடை எண்ணெயிலா?"

"உங்க மனசுல இன்னா ஓடுதோ அதை நேரா சொல்லுங்க."

சொன்னேன். அவள் கையிலிருந்த அரிசிப்படி நழுவி விழுமளவுக்குச் சிரித்தாள். "குழந்தையா, இவனுக்கா? இவன் சட்டைக்கு இன்னும் நான்தான் பட்டன் தைக்கறேன்."

நான் சிரிக்கவில்லை. வெள்ளியன்று கொத்தமல்லி போலிருந்து கொத்தமல்லி அல்லாத ஒரு தழை வந்தது. உன் குறிப்பேட்டில் எனக்குப் படிக்கத் தெரியாத சொற்கள். ஞாயிறு காலை சிவாசிநகர்ச் சந்தையிலிருந்து மீன், இறால், கணவாய், மட்டி எல்லாம் வாங்கி வந்து, தூக்கி எறிய வேண்டிய மீன் தலைகளையும் இறால் ஓடுகளையும் கழுவி வேகவைத்து, மீனை வெளியே வைத்திருந்தாய். எதை எறிய வேண்டும், எதை வைக்க வேண்டும் என்று தெரியாதவனையா விடுதியில் வைத்திருக்கிறார்கள் என்று எண்ணினேன். அந்தச் சாற்றில்தான் குழம்பின் உயிர் இருக்கிறது என்று நீ சொன்னாய். நான் நம்பவில்லை.

பத்து மணிக்கு அந்தோணி வந்தான். உன்னோடு விடுதியில் வேலை செய்தவன். தங்கவயலில் அப்பா சுரங்கத் தொழிலாளி. நாள்தோறும் காலைத் தொடர்வண்டியில் வந்து போகிறவன். சனிக்கிழமைகளில் குடிப்பான் என்று நீயே ஒருமுறை வாய்தவறிச் சொல்லியிருந்தாய். "குட் மார்னிங் அங்கிள்" என்றான். "ஐயா என்று சொல், அல்லது அப்பா என்று சொல். அங்கிள் என்பவர் நம் ஊரில் எவரும் இல்லை" என்றேன். அவன் கையில் செய்தித்தாள் சுற்றிய ஒரு பொருள். செய்தித்தாளில் சுற்றி ஒருவன் எதைக் கொண்டுவருவான் என்று அறியாதவனா நான். பிரித்தான். பச்சைக் கண்ணாடிப் புட்டி. உள்ளே கொடிமுந்திரித் தேறல், நீ ஒயின் என்றது. தக்கையைத் திறந்து ஒருமுறை முகர்ந்து பார்த்துவிட்டு மீண்டும் அடைத்து வைத்தான். அந்த முகர்தலை நான் மனத்தில் குறித்துக்கொண்டேன்.

"இது எதற்கு?" என்று உன்னைக் கேட்டேன்.

"கொஞ்சம் புளிப்புக்கு, கொஞ்சம் மணத்துக்கு. கொதிச்சா போதையெல்லாம் ஆவியாப் போயிடும்பா. நீங்க டென்சன் ஆகாதீங்க."

உன் பெரியப்பா எப்படிச் செத்தார் என்று உனக்குத் தெரியும். அந்தப் பாடையை இறக்கி வைத்த நாளிலிருந்து முப்பது ஆண்டு நான் கள்ளுக்கும் சாராயத்துக்கும் எதிராகப் பேசாத திடல் இந்நகரில் இல்லை. என் அடுக்களைத் தட்டில் அது நின்றது. நான் எதுவும் சொல்லாமல் முன்னறைக்குப் போனேன். சொல்லியிருக்க வேண்டும். சண்டையிட்டு, புட்டியை உன் கண்ணெதிரில் உடைத்திருந்தால்கூட அது நேர்மையாக இருந்திருக்கும்.

பிறகு நடந்தது இது. நீ குளிக்கப் போனாய். அந்தோணி ரொட்டி வாங்க அடுமனைக்குப் போனான். உன் அம்மா துணி உலர்த்த மாடிக்குப் போனாள். அவளுக்கும் உன் குழம்பின் மேல் முழு நம்பிக்கை இல்லை. வருகிறவருக்கு அது பிடிக்காவிட்டால் ரசமாவது இருக்கட்டும் என்று ஒரு கிண்ணத்தில் புளி ஊறவைத்திருந்தாள். அடுக்களையில் நான் தனியே நின்றேன். புளிப்புக்காகத்தானே என்றான், புளிப்பு நம்மிடம் இல்லையா என்று என் அறிவு என்னைத் தட்டிக்கொடுத்தது. தேறலைத் தொட்டியில் கவிழ்த்து நீர் விட்டேன். புளியைக் கரைத்துத் துணியில் வடிகட்டி, மேலும் நீர் சேர்த்து, அந்தப் புட்டியை நிரப்பித் தக்கையை அழுத்தி, இருந்த இடத்திலேயே, அதே முகம் வெளியே தெரிய வைத்தேன். பச்சைக் கண்ணாடி நிறத்தைக் காட்டவில்லை. உன் அம்மாவின் கிண்ணத்தில் வேறு புளியைப் போட்டு நீர் ஊற்றினேன். முன்னறைக்கு வந்து செய்தித்தாளை விரித்தேன். ஒரு வீட்டைக் காத்துவிட்டதாக என் நெஞ்சு நிமிர்ந்திருந்தது.

தலைமைச் சமையலர் பன்னிரண்டரைக்கு வந்தார். கன்னடக்காரர், இத்தாலியில் சில ஆண்டு இருந்தவர், தமிழ் உடைத்து உடைத்துப் பேசுவார். அடுக்களை வாசலில் ஒரு நாற்காலி போட்டு உட்கார்ந்து உன்னையே பார்த்துக்கொண்டிருந்தார். நானும் அவர் பின்னால் நின்று பார்த்தேன். வெங்காயமும் பூண்டும் அந்த எண்ணெயில் வதங்கின. கணவாய் முதலில் விழுந்தது. சட்டி சூடேறிப் புகையத் தொடங்கியபோது நீ திரும்பாமலே, "மச்சா, பாட்டில ஊத்து" என்றாய். அந்தோணி ஊற்றினான். பாதியில் அவன் கை நின்றது. புட்டியைப் பார்த்தான். பிறகு என்னைப் பார்த்தான். அதற்குள் நீ தக்காளியைக் கொட்டிவிட்டாய். தலைச்சாறு சேர்ந்தது, மீன் சேர்ந்தது, இறால் சேர்ந்தது, ஓடு மூடிய மட்டிகள் கடைசியில் வாய் திறந்தன. கரண்டியால் கிளறாமல் சட்டியின் காதுகளைப் பிடித்து உலுக்கினாய். உன் அம்மா மீன் குழம்பு வைக்கும்போது செய்வது அதுவே என்று அப்போதுதான் கண்டேன்.

சுட்ட ரொட்டியின் மேல் ஊற்றி அவரிடம் கொடுத்தாய். அவர் ஒரு வாய் உண்டார். இரண்டாம் வாய் உண்டார். கரண்டியைத் தட்டின் ஓரத்தில் வைத்தார். முகத்தில் சினம் இல்லை. கனிவு இருந்தது, அதுதான் கொடுமை.

"ஒள்ளே மீன் சாறு, கதிர். நம்ம அம்மா செய்றது இதே தரா இருக்கும்" என்றார்.

நல்ல மீன் குழம்பு என்று ஒரு தாயை நினைத்துக்கொண்டு சொல்லிவிட்டு, உன் அம்மாவின் ரசத்தையும் ஒரு வாய் குடித்து, கும்பிட்டுவிட்டுப் போனார். நீ சட்டியிலிருந்து ஒரு துளி எடுத்து நாக்கில் வைத்தாய். புட்டியில் மீந்ததை ஒரு குவளையில் ஊற்றினாய். பழுப்பு நிறம்.

"குடிச்சிட்டு வெறும் தண்ணி ஊத்தியிருந்தாக்கூட விட்டிருப்பேன்டா. புளித்தண்ணியா? என்னை அவ்ளோ கேனைன்னு நெனச்சியா?"

"நான் குடிக்கல கதிரு."

"நீதானே வாங்கினு வந்தே? நீதானே தெறந்தே? அப்போ யாரு, எங்கப்பா குடிச்சாரா?"

கதிரவா, அந்த வினா அறை நடுவில் நின்றது. அந்தோணி மறுபடியும் என்னைப் பார்த்தான். ஒரே ஒரு சொல் போதும். மேடை ஏறினால் மூன்று மணி நேரம் தண்ணீர் குடிக்காமல் பேசுகிறவன் நான். என் வாயிலிருந்து வந்தது இதுதான்: "குடிக்கிறவனை வீட்டுக்குள் விட்டது நம் பிழை." அவன் செருப்பைக் கூட முழுதாக மாட்டாமல் படியிறங்கினான்.

இத்தாலிக்கு வேறொருவன் போனான். நீ விடுதியில் நடந்ததைச் சொன்னாய். நீ சொன்னது பொய் அல்ல, உனக்குத் தெரிந்த பாதி. புட்டியில் கைவைக்கிறவன் என்ற பெயரோடு ஒருவன் எந்த அடுக்களையில் நிற்க முடியும்? அந்தோணி வேலையிழந்தான். மறு ஆண்டு அவன் அப்பாவின் சுரங்கமும் மூடப்பட்டது. நான் என்ன செய்தேன் தெரியுமா? தங்கவயலில் ஒரு கூட்டத்தில், பெயர் சொல்லாமல், நண்பனின் வாழ்வை ஒரு புட்டிக்காகக் கெடுத்த இளைஞனின் கதை என்று அதையே பேசினேன். கைதட்டினார்கள். பேசப் பேச அதை நானே நம்பத் தொடங்கினேன். பிறரை ஐயுறுவதில் தேர்ந்தவனுக்குத் தன்னை ஐயுற மட்டும் கடைசிவரை கைவரவில்லை.

சொல்லிவிட எண்ணிய நாள்கள் உண்டு. நீ துபாய்க்குப் புறப்பட்டபோது வானூர்தி நிலையத்தில் தொண்டை வரை வந்தது. பயணத்தின்போது வேண்டாம் என்று தள்ளினேன். பிறகு நீ நன்றாக இருக்கிறாய், இனி எதற்கு என்று தள்ளினேன். இம்முறை உன் மடலைப் பார்த்த பின்னும் முதல் மூன்று நாள் நான் எழுத உட்காரவில்லை. உன் ஆணைப்படி ஆள் தேடவே கிளம்பினேன். கண்டோன்மெண்ட் தொடர்வண்டி நிலையத்தின் பின்தெருவில் ஒரு சிற்றுணவகத்தில் மீன் வைப்பவன் கைதேர்ந்தவன் என்று ஒருவர் சொன்னார். அடுக்களைக் கதவு தெரியும் மூலை மேசையாகப் பார்த்து அமர்ந்து, நீர்க்குவளையை முகர்ந்து, வேவு பார்த்துக்கொண்டிருந்தேன். கதவைத் தள்ளிக்கொண்டு வந்தவன் அந்தோணி. தலையில் நரை. என் முன் இலையைப் போட்டான்.

"இன்னா சார், இங்க வந்துகிறீங்க? இங்கயும் யாரையாவது செக் பண்ணணுமா?"

"கதிரவன் திரும்பி வருகிறான்" என்றேன்.

"வரட்டும். நல்லாருக்கட்டும்."

"அந்தோணி, அந்தப் புட்டியில்…"

"நீங்கதான் புளி ஊத்தினீங்க. தெரியும்."

நான் இலையைப் பார்த்தேன்.

"ஊத்தும்போதே வாடை வந்துச்சு. தங்கவயல்காரன் சார் நானு, எனக்குப் புளி தெரியாதா? திரும்பி உங்க கையப் பார்த்தேன். நகத்துக்குள்ள நாரோட ஒட்டிகினு இருந்துச்சு. நீங்க பேப்பர் படிச்சிகினு வந்து நிக்கிறீங்க."

"அப்போதே ஏன் சொல்லவில்லை?"

"சொன்னா யாரு நம்புவாங்க? நீங்க மேடைல பேசறவரு. நான் சனிக்கிழம குடிக்கறவன்." பக்கத்து மேசையில் தண்ணீர் வைத்துவிட்டு வந்தான். "எங்கப்பா உங்க கூட்டத்துக்கு வந்தாரு சார். முன்னாடி உக்காந்து கேட்டாரு. வூட்டுக்கு வந்து சோறு துன்னல. அது என் கதைதான்னு அவருக்குத் தெரியும். இன்னும் என்னைத்தான் தப்பா நெனச்சிகினு கீறாரு."

இரண்டு வாரத்தில் தங்கவயலில் எனக்கு மீண்டும் கூட்டம் இருக்கிறது, அங்கேயே, அதே மேடையில் உண்மையைச் சொல்லிவிடுகிறேன் என்றேன். சொல்லும்போதே என் குரல் உயர்ந்துவிட்டது. பக்கத்து மேசைக்காரர் திரும்பிப் பார்த்தார். அந்தோணி தலையை அசைத்தான்.

"மேடை வேணாம். மேடைல சொன்னீங்கன்னா அதுக்கும் உங்களுக்குக் கைதட்டுவாங்க. கதிருக்கு எழுதுங்க. எங்கப்பாகிட்ட வூட்டுக்கு வந்து, உக்காந்து, மெதுவா சொல்லுங்க."

முப்பது ஆண்டில் என் பேச்சை இத்தனை சரியாக எடைபோட்டவர் எவருமில்லை. ஞாயிறன்று எங்கள் வீட்டுக்கு வந்து அந்தக் குழம்பை மீண்டும் செய்வாயா என்று கேட்டேன். அவன் மேசையைத் துடைத்தான். ஏதோ கண்ணி வைக்கிறேன் என்று எண்ணியிருப்பான். அவன் இடத்தில் நானும் அப்படித்தான் எண்ணியிருப்பேன்.

"வர்றேன். ஆனா ஒயின் நீங்க வாங்கணும். ஆள் அனுப்பக்கூடாது. நீங்களே போகணும்."

அன்றிரவே உன் அம்மாவிடம் எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். சனி மாலை ஆறு மணிக்கு நான் மதுக்கடை வாசலில் நின்றேன். எனக்கு முன் ஏழு பேர். ஒவ்வொருவரும் என்னை அறிந்தவர்களாகவே தோன்றினார்கள். ஒருவன் கைப்பேசியை எடுத்தபோது என்னைப் பற்றித்தான் யாருக்கோ சொல்கிறான் என்று உறுதியாக நம்பினேன். அவன் தன் மனைவியிடம் முட்டை வாங்கவா என்று கேட்டுக்கொண்டிருந்தான். கம்பிக்குள் இருந்த கடைக்காரர் என்னை உற்றுப் பார்த்தார்.

"சார், நீங்க பாசண மாடறவருதானே? நம்ம கடை முன்னாடியே மைக் வச்சு பேசினீங்களே?"

"ஆம், நான்தான். வெள்ளைக் கொடிமுந்திரித் தேறல் ஒன்று கொடுங்கள்."

"ஏனு? என்ன அது?"

"ஒயின்" என்றேன், கதிரவா. உன் அப்பா அந்தச் சொல்லை அந்த வரிசையின் முன் நின்று சொன்னான்.

அவர் சிரிக்கவில்லை. இரக்கத்தோடு செய்தித்தாளை எடுத்து அதைச் சுற்றத் தொடங்கினார். "யாருக்கும் தெரியாது சார், பை உள்ள வச்சிகோங்க." சுற்ற வேண்டாம் என்றேன். இதுவும் பச்சைப் புட்டிதான். அதன் கழுத்தைப் பிடித்துக்கொண்டு மசூதிச் சாலை முனை வழியாக, தேவாலயத்தைக் கடந்து, நம் தெருவுக்குள் நடந்தேன். எதிர்வீட்டு அம்மா வாசலில் நின்றிருந்தார், நமக்குப் பால் கொடுத்த அதே அம்மா. என் கையைப் பார்த்தார், முகத்தைப் பார்த்தார். "ஊட்டா ஆயிதா?" என்று மட்டும் கேட்டார், சாப்பிட்டாயிற்றா என்று. அதில் எந்த உட்பொருளும் இல்லை என்று நம்புவதற்கு எனக்கு வீட்டுப்படி ஏறும் வரை ஆயிற்று.

ஞாயிறன்று அந்தோணி வந்தான். முதலில் புட்டியை எடுத்துத் தக்கையின் மேலிருந்த தாள் கிழிந்திருக்கிறதா என்று பார்த்தான். திறந்து முகர்ந்தான். ஒரு கரண்டியில் ஊற்றி நாக்கில் வைத்தான். "கையக் காட்டுங்க" என்றான். நீட்டினேன். நகங்களைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "கழுவினு வாங்க" என்றான். உன் அம்மா அடுப்புப் பக்கம் திரும்பி சிரிப்பை மறைக்க முந்தானையால் வாயை மூடிக்கொண்டாள். ஐயுறப்படுவது எப்படி இருக்கும் என்பதை என் வீட்டு அடுக்களையில், என் கைகளை நீட்டிக்கொண்டு நின்றபோதுதான் அறிந்தேன். அது நியாயமான ஐயம், அப்படியிருந்தும் சுட்டது. அவனுக்கு ஏழு ஆண்டு சுட்டது நியாயமே இல்லாதது.

அவன் பூண்டு உரிக்கச் சொன்னான், உரித்தேன். இறால் ஓடுகளை எறியப் போனபோது கையைத் தட்டிவிட்டான். தேறல் சட்டியில் விழுந்து சீறி, புளிப்பும் இனிப்புமாக ஓர் ஆவி எழுந்து அடங்கியது. அதைத்தான் அன்று நான் தொட்டியில் கவிழ்த்திருந்தேன். அன்று நீ செய்தபடியே எல்லாம் நடந்தது. அவனுக்கு அது மனப்பாடம். உண்ண அமர்ந்தபோது, "அப்போதிருந்து இதை எங்கேயாவது செய்தாயா?" என்று கேட்டேன். "யாருக்கு செய்யறது?" என்றான்.

பொய் சொல்ல மாட்டேன். எனக்கு அது பிடிக்கவில்லை. புளி இல்லாத மீனில் எனக்குக் கவிச்சிதான் தெரிகிறது. ஆனாலும் தட்டை ரொட்டியால் துடைத்து முடித்தேன். உன் அம்மா இரண்டாம் முறை வாங்கிக்கொண்டாள். "இதைப் போயா புளி ஊத்தி ரசமாக்கினீங்க" என்று அன்று முழுவதும் என்னைக் குத்திக்கொண்டிருந்தாள். இப்போதும் குடிக்கிறாயா என்று ஒரு கட்டத்தில் நான் கேட்டுவிட்டேன், முப்பதாண்டுப் பழக்கம். "சனிக்கிழம மட்டும் அங்கிள். அதுக்கும் பாட்டில் கொண்டாந்து காட்டணுமா?" என்றான். வேண்டாம் என்றேன். அந்தச் சொல்லையும் நான் திருத்தவில்லை.

அவன் அப்பாவைப் பார்க்க வரும் வியாழனன்று காலைத் தொடர்வண்டியில் போகிறேன். உன் அம்மாவும் வருகிறாள். நான் அங்கே போய்ச் சொற்பொழிவாற்றிவிடுவேன் என்று அவளுக்கு ஐயம். நல்ல ஐயம்தான், நானே கேட்டு அவளை உடன் அழைத்தேன்.

இனி உனக்கு. உன் ஏழு ஆண்டுகளில் பாதி என்னால் கோணிப்போனது. இத்தாலியை நான் உனக்குத் திருப்பித் தர முடியாது. உன் நண்பன்மேல் நீ கொண்ட சினம் முழுவதையும் இனி என்மேல் கொள். அதற்குரிய இடம் இதுதான். பொறுத்துக்கொள் என்று நான் கேட்கப் போவதில்லை. கேட்டால் நீ தருவாய், அப்போது அதுவும் எனக்கு ஒரு கைதட்டலாகிவிடும். நான் கேட்பது வேறு. அந்தோணியின் முகவரியைத் தனித் தாளில் வைத்திருக்கிறேன். முதலில் அவனுக்கு எழுது. அவன் உன் உணவகத்துக்கு வருவானா என்பது எனக்குத் தெரியாது. கேட்டேன். "அவன் வந்து கேக்கட்டும். நான் யோசிக்கணும்" என்றான். அவனுக்கு அந்த உரிமை உண்டு. இரட்டைப் பூட்டுக்குக் கொல்லனிடம் சொல்லவில்லை. நீ வந்து, இதைப் படித்த பின்னும் வேண்டுமென்றால், நீயே சொல்லிக்கொள்.

பச்சைப் புட்டியில் பாதிக்கு மேல் மீந்திருக்கிறது. அந்தோணி போகும்முன் அதை என் கண்ணெதிரில் தட்டின் மேல் வைத்து, தேறலின் மட்டத்தில், ஒட்டியிருந்த தாளின் மேல் எழுதுகோலால் ஒரு கோடு போட்டான். "நீங்க மறுபடி ஏதாச்சும் பண்ணா தெரியணும்ல" என்றான். சிரித்துக்கொண்டுதான் சொன்னான், ஆனால் போட்டான். நாள்தோறும் காலையில் குளம்பித் தூள் எடுக்கப் போகும்போது அதைப் பார்க்கிறேன். நீ வருவதற்குள் அது புளித்துவிடும் என்கிறான், புளிக்கட்டும். கோட்டுக்கும் தேறலுக்கும் இடையில் மயிரிழை விலகவில்லை. வந்து பார்.

அப்பா